எமில்டா எழுதிய குறைகள்

மூன்றாவது தடவையும் எமில்டாவுக்குப் பதவி உயர்வு கிடைக்கவில்லை. முதல் தடவை கிடைக்காதபோது, வேலைக்கு வந்து இரண்டு வருடம்தானே என்று தன்னைத் தானே தேற்றிக்கொண்டாள். இரண்டாவது தடவை தன் ஆங்கில உச்சரிப்பின் மேல் பழியைப் போட்டாள். மூன்றாவது தடவை, தொண்ணூற்று நான்காம் ஆண்டு பெப்ரவரியில், சீனியர் ஒபிசர் பதவி கெவினுக்குப் போனது. கெவின் வேலையில் சேர்ந்த அன்று எந்த இழுப்பறையில் எது இருக்கிறது என்று காட்டிக் கொடுத்தவளே எமில்டாதான். இதற்கு என்ன சமாதானம் சொல்வது என்று அவளுக்கே தெரியவில்லை.

அது மாகாண அரசின் ஒரு அலுவலகம். ரொறன்ரோ நகரத்தின் நடுவில், ஐந்தாம் மாடியில் இருந்தது. பெயர் வேண்டாம், சொன்னால் யாருக்காவது மனம் நோகும். பழைய பதிவுகளைத் தேடி எடுத்து முத்திரை குத்திய பிரதி கொடுப்பதுதான் அங்கே வேலை. "என் பாட்டனாரின் பெயர் மெக் என்று தொடங்கும். முப்பதுகளில் வடக்கே எங்கேயோ காணி வாங்கினார்" என்று ஒருவர் கடிதம் எழுதுவார். மற்றவர்கள் அதைப் பார்த்துத் தலையைச் சொறிவார்கள். எமில்டா மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு உள்ளே போவாள், தேநீர் இடைவேளைக்கு முன்னால் பதிவோடு வெளியே வருவாள். பதினொரு பேர் வேலை செய்த இடத்தில், யாராலும் தேட முடியாதது எல்லாம் கடைசியில் அவளுடைய மேசைக்குத்தான் வந்து சேரும்.

அப்படிப்பட்டவள் ஏன் மூன்று தரம் தோற்றாள் என்றால், அதற்கு அவளுடைய இரண்டு நல்ல பழக்கங்கள்தான் காரணம்.

முதலாவது கச்சேரிப் பழக்கம். கனடாவுக்கு வருமுன் எமில்டா யாழ்ப்பாணக் கச்சேரியில், அதாவது அரசாங்க அலுவலகத்தில், ஒன்பது வருடம் கிளாக்கராக இருந்தவள். அங்கே மேலதிகாரி ஒவ்வொருவரைப் பற்றியும் அந்தரங்க அறிக்கை எழுதி, உறையில் போட்டு ஒட்டி மேலிடத்துக்கு அனுப்புவார். அதில் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்பது, அடுத்த வீட்டு யன்னலுக்குள் எட்டிப் பார்ப்பது மாதிரி. இங்கே அவளுடைய மனேஜர் பிரையன், ஜனவரி தோறும், பதவி உயர்வைத் தீர்மானிக்கும் அறிக்கையின் கடைசிப் பக்கத்தைப் புரட்டிப் பேனையோடு நீட்டுவார். முன் பக்கங்களைப் பார்ப்பது மரியாதை இல்லை என்று எமில்டா முகத்தை மற்றப் பக்கம் திருப்பிக்கொண்டு கையொப்பம் வைப்பாள். பிரையன் நன்றி சொல்லிவிட்டுத் தாளை எடுத்துக்கொண்டு போய்விடுவார்.

இரண்டாவது கோயில் பழக்கம். ஊர்காவற்றுறைக் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவள், ஏழு வயதில் பூசையில் முதல் நன்மை எடுத்த நாளிலிருந்து, குருவானவரிடம் பாவங்களைச் சொல்லும் பாவசங்கீர்த்தனத்துக்கு முன்னால் உட்கார்ந்து தன் குற்றங்களை ஒன்றும் விடாமல் எண்ணிப் பார்க்கிறவள். இந்த அலுவலகத்திலோ மனேஜர் அறிக்கை எழுதுவதற்கு முன்னால் ஒவ்வொரு ஊழியருக்கும் ஒரு தாள் கொடுப்பார்கள். அதில் இரண்டு கட்டம் இருக்கும். மேல் கட்டத்தில் இந்த வருடம் நீங்கள் சாதித்தவற்றை எழுத வேண்டும். கீழ்க் கட்டத்தில் உங்கள் குறைகளை எழுத வேண்டும். உலகத்தில் புத்தியுள்ள எல்லா ஊழியர்களும் மேல் கட்டத்தை நிரப்பி வழியவிட்டு, கீழ்க் கட்டத்தில் "சில வேளை அளவுக்கு மிஞ்சி உழைத்துவிடுகிறேன்" என்று எழுதுவார்கள். எமில்டா மேல் கட்டத்தில் "தந்த வேலையைச் செய்தேன்" என்று ஒரு வரி எழுதினாள். கீழ்க் கட்டம் போதாமல் இன்னொரு தாள் கேட்டு வாங்கினாள்.

என்னென்ன எழுதினாள் தெரியுமா? மார்ச் நான்காம் திகதி ஒரு பைல் இலக்கத்தில் ஆறுக்குப் பதிலாக ஒன்பது எழுதினேன், மறுநாள் நானே கண்டு திருத்தினேன். மைக்ரோபிலிம் பார்க்கும் மெசினில் மெதுவாகத்தான் வேலை செய்கிறேன், கண் கூசுகிறது. ஒரு முதியவரோடு தொலைபேசியில் கதைக்கும்போது பொறுமை இழந்தேன், மனதுக்குள்தான், அவருக்குக் கேட்கவில்லை. இப்படிப் பதினான்கு குற்றங்கள். கோயிலில் 'என் பாவமே' என்று தட்டுவதுபோல நெஞ்சில் மூன்று தரம் தட்டாத குறைதான். எழுதி முடித்ததும் அவளுக்கு மனம் லேசாக இருந்தது.

பிரையன் கெட்ட மனிதர் இல்லை, பெரிய சோம்பேறி. பதினொரு பேருக்கும் அறிக்கை எழுத வேண்டுமே என்று டிசம்பர் மாதமே அலுத்துக்கொள்வார். கடைசியில் அவரவர் எழுதிக் கொடுத்த தாளைப் பக்கத்தில் வைத்து அப்படியே ரைப் அடித்துவிடுவார்.

கெவினுக்குப் பதவி கொடுத்த வாரம், சாப்பாட்டு அறையில் எமில்டா தன் சோற்றுப் பெட்டியைத் திறக்காமலே உட்கார்ந்திருந்தாள். இரண்டாம் மாடியில் வேலை செய்யும் மார்வா எதிரில் வந்து உட்கார்ந்தாள். மார்வா ஜமெய்க்காக்காரி, யூனியனின் பிரதிநிதி. அவள் சிரித்தால் லிஃப்ட் வரைக்கும் கேட்கும். அன்று அவள் சிரிக்கவில்லை.

"உன் அறிக்கையில் என்ன இருக்கிறது என்று பார்த்தாயா?" என்று கேட்டாள்.

"இல்லை. அது பிரையன் எழுதுவது. நான் பார்க்கக் கூடாதே."

மார்வா கையிலிருந்த முள்ளுக்கரண்டியைக் கீழே வைத்தாள். "எமில்டா, உன் கையொப்பத்துக்கு மேலேயே 'இதை வாசித்தேன்' என்று அச்சடித்திருக்கிறது. அதைக்கூடவா நீ பார்க்கவில்லை?"

அந்த வெள்ளிக்கிழமையே மார்வா மூன்று வருட அறிக்கைகளின் பிரதியையும் எடுத்துக் கொடுத்துவிட்டாள். சனிக்கிழமை காலை, ஸ்காபரோவில் தங்கள் பன்னிரண்டாம் மாடி வீட்டின் குசினி மேசையில் எமில்டா அவற்றைப் பரப்பி வைத்தாள். எதிரே புருசன் அமிர்தநாதர் பாணுக்கு மாஜரீன் பூசிக்கொண்டிருந்தார். பிளாஸ்ரிக் தொழிற்சாலையில் வாரம் முழுக்க நின்று வேலை செய்கிறவர். சனிக்கிழமை உட்கார்ந்து சாப்பிடுவது அவருக்கு ஒரு திருவிழா. எமில்டா ஒரு பக்கம் வாசித்தாள், இரண்டு பக்கம் வாசித்தாள், பிறகு கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தாள்.

"இஞ்சாருங்கோ, இது நான் எழுதினது."

"என்னது?"

"எல்லாம். 'இவர் இலக்கங்களில் கவனம் குறைந்தவர். மெசினில் மெதுவானவர். பொதுமக்களிடம் பொறுமை இல்லாதவர்.' நான் எழுதினதைத்தான் பிரையன் தன்ர சொல்லாப் போட்டிருக்கிறார். நானே கண்டு திருத்தினனான் எண்டு எழுதினதை மட்டும் விட்டிட்டார்."

அமிர்தநாதர் தாளை வாங்கிப் பார்த்தார். அவருக்குப் பொறுக்கவில்லை. "இஞ்சாரும், உம்மட பாவத்தைக் கேக்கிறதுக்கு உவன் பிரையன் ஆர்? குருவானவரோ? குருவானவர் எண்டாலும் காதோட வைச்சிருப்பார். உவன் ரைப் அடிச்செல்லோ பைலுக்குள்ள போட்டிருக்கிறான்! பாவமன்னிப்பும் தரேல்லை!"

பதினான்கு வயது மகள் றெபேக்கா தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தாள். "அம்மா, யூ சைன்ட் திஸ்? வாசிக்காமலோ? என்ர ஸ்கூல் ட்ரிப் ஃபோர்மை மட்டும் த்ரீ டைம்ஸ் வாசிக்கிறீங்கள்!"

எமில்டாவுக்கு வெட்கத்தில் காது சுட்டது. மூன்று வருடமாகத் தன் வாயாலேயே தன்னை ஒன்றுக்கும் உதவாதவள் என்று அரசாங்கத்துக்குச் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறாள். அழுகை வந்தது. அழுதுகொண்டே கடைசி அறிக்கையை எடுத்தாள். அது தொண்ணூற்று மூன்றாம் ஆண்டுக்கானது. அந்த டிசம்பரில் பித்தப்பைக் கல்லுக்கு ஒப்பரேசன் செய்து ஆறு வாரம் வீட்டில் கிடந்தாளே, அப்போது அவளுக்கு யாரும் அந்தத் தாளைக் கொடுக்கவில்லை. அவளும் ஒன்றும் எழுதவில்லை. அப்படியானால் பிரையன் எதைப் பார்த்து எழுதினார்?

வாசித்தாள். சொல்லுக்குச் சொல் முந்தின வருடத்து அறிக்கைதான். அதே இலக்கம், அதே முதியவர், அதே மெசின். சட்டென்று எமில்டாவின் அழுகை நின்றது.

"இஞ்சாருங்கோ," என்றாள். "அந்த மைக்ரோபிலிம் மெசினை போன வருசம் பங்குனியிலயே கழட்டிக் கொண்டு போட்டாங்கள். நான்தான் கையெழுத்து வைச்சு அனுப்பினனான்."

"அப்ப?"

"அப்ப, வருசம் முழுக்க நான் இல்லாத மெசினில மெதுவா வேலை செய்திருக்கிறன்."

அமிர்தநாதர் வாயிலிருந்த பாணோடு சிரித்துப் புரைக்கேறி, றெபேக்கா ஓடிவந்து முதுகில் தட்டினாள். எமில்டாவும் சிரித்தாள். ஆனால் அந்தச் சிரிப்புக்கு அடியில் கோபம் வந்து உட்கார்ந்துவிட்டது. எமில்டாவுக்கு இலேசில் கோபம் வராது, வந்தால் இலேசில் போகவும் போகாது. திங்கட்கிழமை காலை முதல் வேலையாக, பதவித் தெரிவு நியாயமில்லை என்று முறைப்பாட்டுப் பத்திரத்தில் கையொப்பம் வைத்தாள். இந்தத் தடவை ஒவ்வொரு சொல்லையும் வாசித்துவிட்டுத்தான் வைத்தாள்.

மே மாதம் விசாரணை நடந்தது. நீள மேசைக்கு அந்தப் பக்கம் மூன்று பேர் இருந்தார்கள். நடுவில் தலைமை அலுவலகத்திலிருந்து வந்த மிஸஸ் வாலஸ். நரைத்த முடியைக் கட்டையாக வெட்டி, முகத்தில் ஒன்றும் காட்டாமல் இருந்தார். இந்தப் பக்கம் எமில்டாவும் மார்வாவும். ஓரத்தில் பிரையன், புதுக் கழுத்துப்பட்டியோடு.

"நான் பேசமாட்டேன், நீதான் பேச வேண்டும்" என்று மார்வா முன்பே சொல்லியிருந்தாள். "உன் வேலையைப் பற்றி உன்னைவிட நன்றாகத் தெரிந்தவர் இந்தக் கட்டடத்தில் யாரும் இல்லை."

எமில்டா பேசிய ஆங்கிலத்தில் றகரமும் ளகரமும் ஊர்காவற்றுறையைவிட்டு வர மறுத்தன. ஆனால் கேள்வி தெளிவாக இருந்தது.

"பிரையன், போன வருடம் நான் மைக்ரோபிலிம் மெசினில் மெதுவாக வேலை செய்தேன் என்று எழுதியிருக்கிறீர்கள். அதை நீங்கள் கண்ணால் கண்டீர்களா?"

"ஓம், பல தடவை" என்றார் பிரையன்.

"எந்த மெசின்?"

"ஒரு மெசின்தானே இருக்கிறது. தேடல் அறையில், யன்னலுக்குப் பக்கத்து மூலையில்."

"அந்த மூலையில் இப்போது என்ன இருக்கிறது?"

பிரையன் வாயைத் திறந்தார். திறந்த வாய் அப்படியே நின்றது. காதிலிருந்து கழுத்துப்பட்டி வரைக்கும் மெல்ல மெல்லச் சிவந்தது.

"நான் சொல்கிறேன்," என்றாள் எமில்டா. "உங்கள் கோப்பி மெசின் இருக்கிறது. பதினான்கு மாதமாக, தினமும் காலை ஒன்பது மணிக்கு நீங்கள் அந்த மூலையில்தான் கோப்பையோடு நிற்கிறீர்கள்."

மேசையின் மறுபக்கத்தில் ஒருவருக்குத் திடீரென்று இருமல் வந்தது. மார்வா தன் கைப்பைக்குள் எதையோ அவசரமாகத் தேடுவதுபோலக் குனிந்துகொண்டாள். மிஸஸ் வாலஸ் மட்டும் அசையாமல், மெசினை அனுப்பிய பத்திரத்தைக் கேட்டார்.

மார்வா அதை நீட்டினாள். அதன் பின்னால் எமில்டாவின் கையெழுத்தில் இன்னொரு தாள் இணைத்திருந்தது. மெசினோடு பழைய பிலிம் சுருள்களையும் அனுப்ப வேண்டி வந்தபோது, பெட்டியோடு தூக்கிக் கொடுத்தால் போதும் என்றுதான் பிரையன் சொன்னார். எமில்டாவுக்கு மனம் வரவில்லை. ஐந்து வாரம் ஒவ்வொரு சுருளையும் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். பத்தொன்பது சுருள்கள் பிழையான பெட்டிகளில் இருந்தன. அவற்றில் ஏழு, பதினொரு வருடத்துக்கு முன்னரே தொலைந்துவிட்டன என்று அரசாங்கம் எழுதி வைத்தவை.

மிஸஸ் வாலஸ் அதை இரண்டு தரம் வாசித்தார். "இதைப் பற்றி உங்கள் அறிக்கையில் ஒரு சொல்கூட இல்லையே?"

"நான் எழுதவில்லை. பிரையனும் எழுதவில்லை," என்றாள் எமில்டா. "ஆனால் கெவின் எழுதியிருக்கிறார்."

ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக இரு தரப்புக்கும் முன்பே கொடுத்திருந்த பத்திரங்களில் பதவி பெற்றவரின் அறிக்கையும் இருந்தது. மிஸஸ் வாலஸ் புரட்டினார். இருந்தது. 'காணாமற் போன வரலாற்றுப் பதிவுகளை மீட்ட அணியில் தலைமைப் பங்கு வகித்தார்.' கெவின் வகித்த தலைமைப் பங்கு, நான்கு பெட்டிகளை லிஃப்ட் வரைக்கும் தள்ளிக்கொண்டு போனது. இதை எமில்டா சொல்லவில்லை. பத்திரத்தில் பெட்டிகளை எடுத்துச் சென்றவரின் பெயர் என்ற இடத்தில் கெவினின் கையொப்பம்தான் இருந்தது.

பிறகு மிஸஸ் வாலஸ், மார்வா பயந்துகொண்டிருந்த கேள்வியைக் கேட்டார். "கடைசி அறிக்கை பிழை என்று வைத்துக்கொள்வோம். முதல் இரண்டு வருடமும் எழுதியிருக்கிற குறைகள் உண்மையா, பொய்யா?"

மார்வா மேசைக்கு அடியில் எமில்டாவின் கையை இறுக்கிப் பிடித்தாள். ஞாபகம் இல்லை என்று சொல்லிவிடு என்பதுதான் அந்தப் பிடியின் அர்த்தம்.

"உண்மை," என்றாள் எமில்டா. மார்வா கண்ணை மூடிக்கொண்டாள். "நான் செய்த பிழைகள், நானே எழுதினேன். ஆனால் மேடம், ஒன்று கேட்கிறேன். அந்த அலுவலகத்தில் பதினொரு பேர் இருக்கிறோம். மற்றப் பத்துப் பேரும் ஒரு பிழையும் விடாத, சிறகு முளைத்த சம்மனசுகளா? அவர்களுடைய பிழைகளை யார் எழுதினார்கள்? என் மேசைக்கு வருகிற பைல்களில் பாதி, இன்னொருவர் பிழையாகத் தேடியது. நான் சரி செய்து அனுப்புகிறேன். அதை நான் எங்கேயும் எழுதவில்லை, மற்றவருடைய குற்றத்தைச் சொல்வது என் பழக்கம் இல்லை. உண்மை சொன்னவளுக்கு உண்மையால் மார்க் போட்டீர்கள். மற்றவர்களுக்கு அவர்கள் சொன்ன கதையால் மார்க் போட்டீர்கள். எல்லோரையும் ஒரே விதமாக அளந்து, அதில் நான் தோற்றால், வாய் திறக்காமல் போய்விடுவேன்."

மிஸஸ் வாலஸ் பேனையை மூடி வைத்துவிட்டு, பதினொரு பேருடைய அறிக்கைகளும் மறுநாள் தன் மேசையில் இருக்க வேண்டும் என்று பிரையனிடம் சொன்னார். அவர் குரலை உயர்த்தவே இல்லை, ஆனாலும் பிரையன் எழுந்து நின்றுதான் பதில் சொன்னார்.

ஐந்து வாரத்தில் முடிவு வந்தது. மற்றப் பத்து அறிக்கைகளிலும் தேடி ஒரு குறைகூடக் கண்டுபிடிக்க முடியவில்லையாம். எல்லாம் ஊழியர்கள் தாங்களே எழுதிக் கொடுத்த வரிகள். ஆகவே அந்த அறிக்கைகளை வைத்து யாரையும் தெரிவு செய்ய முடியாது. கெவினின் நியமனம் நிறுத்தி வைக்கப்படுகிறது. போட்டி புதிதாக நடக்கும். அறிக்கையும் வேண்டாம், பேச்சும் வேண்டாம், வேலையைச் செய்து காட்டட்டும்.

ஜூலையில் ஒரு செவ்வாய்க்கிழமை, கெவினுக்கும் எமில்டாவுக்கும் இன்னும் இருவருக்கும் பொதுமக்களிடமிருந்து வந்த பத்துக் கடிதங்களின் பிரதியைக் கொடுத்தார்கள். இரண்டு மணித்தியாலம் நேரம். கெவின் சட்டைக் கையை மடித்துக்கொண்டு நாலு பேருக்குக் கேட்கிற மாதிரி "சரி, தொடங்குவோம்" என்றான். எமில்டா கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டாள். ஒரு மணித்தியாலமும் பத்து நிமிடமும் ஆனபோது அவள் ஒன்பது பதிவுகளை மேசையில் வைத்தாள். பத்தாவதுக்குப் பதிலாக ஒரு குறிப்பை வைத்தாள்: 'கடிதத்தில் கொடுத்திருக்கிற ஆண்டில் இந்த ஊரே பதிவாகவில்லை. எழுதியவர் தாயின் ஊரையும் தகப்பனின் ஊரையும் மாறிச் சொல்லியிருக்க வேண்டும். தகப்பனின் ஊரில் தேடியபோது கிடைத்தது, பிரதி இணைத்துள்ளேன்.' பரீட்சை வைத்தவர்களுக்கே அந்தப் பத்தாவது பதிவு இருப்பது தெரியாது. கண்டுபிடிக்க முடியாதது என்று எழுதுகிறார்களா பார்ப்போம் என்றுதான் அதை வைத்திருந்தார்கள். நேரம் முடிந்தபோது கெவினிடம் நான்கு பதிவுகள் இருந்தன.

எமில்டா சீனியர் ஒபிசர் ஆனாள். பதவி பெப்ரவரி மாதத்திலிருந்தே அவளுடையது என்று கடிதத்தில் எழுதியிருந்தது. மார்வா லிஃப்டுக்குள் சிரித்த சிரிப்பு ஐந்து மாடிக்கும் கேட்டது. கெவினும் வந்து கைகொடுத்தான். "உண்மையைச் சொன்னால், எனக்கு அந்தப் பதவியில் பயமாகத்தான் இருந்தது" என்றான். அவன் தன்னைப் பற்றிச் சொன்னதில் அதுதான் முதல் குறை, எமில்டா அவனை அன்றே மன்னித்துவிட்டாள். அமிர்தநாதர் அந்தச் சனிக்கிழமை ஒரு பெட்டி நண்டு வாங்கி வந்து தன் கையால் கறி வைத்தார். பன்னிரண்டாம் மாடியில் எல்லாக் கதவையும் தட்டி, தமிழர், தமிழரல்லாதவர் என்று பார்க்காமல் கூப்பிட்டார். வந்தவர்களுக்கெல்லாம் கோப்பி மெசின் கதையை எழுந்து நின்று நடித்துக் காட்டினார். ஒவ்வொரு தடவையும் பிரையனின் வாய் இன்னும் கொஞ்சம் அகலமாகத் திறந்தது.

அடுத்த ஜனவரி வந்தது. இப்போது அலுவலக விதி மாறியிருந்தது. மனேஜர் தன் கண்ணால் கண்டதைத் திகதியோடு எழுத வேண்டும், ஊழியருக்கு முழு அறிக்கையும் கொடுத்து வாசிக்க நேரமும் கொடுக்க வேண்டும். ஆனாலும் பழக்கதோசம், பிரையன் கடைசிப் பக்கத்தைப் புரட்டிப் பேனையோடு நீட்டினார்.

"முன் பக்கங்கள்?" என்றாள் எமில்டா.

பிரையன் கொடுத்தார். எமில்டா கதிரையை மேசைக்குக் கிட்ட இழுத்துப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு வரியாக வாசித்தாள். நாற்பது நிமிடம் ஆனது. எதிரே பிரையனின் கோப்பி ஆறிப்போய் ஆடை கட்டியது. பதினொன்றாம் பக்கத்தில் ஒரு திகதி பிழை என்று காட்டினாள். அவர் மறுபேச்சில்லாமல் திருத்தினார். திகதி சரிதானா என்று இன்னொரு தரம் கலண்டரையும் பார்த்துக்கொண்டார்.

பிறகு, புது விதிப்படி அறிக்கைக்குப் பின்னர் அவளே நிரப்ப வேண்டிய தாளை எடுத்தாள். முதலில் கீழ்க் கட்டம். குறைகள். பேனையை வைத்து யோசிக்கவே இல்லை, ஒரே ஒரு வரி எழுதினாள்: 'மூன்று வருடம் வாசிக்காமல் கையொப்பம் வைத்தேன். இனி வைக்கமாட்டேன்.'

அதன் பிறகு மேல் கட்டத்துக்குப் போனாள். முன்பு எழுதாமல் விட்ட பத்தொன்பது சுருள்களில் தொடங்கி எழுதினாள், எழுதினாள், கட்டம் முடிந்து ஓரத்திலும் எழுதினாள். எழுதியது ஒன்றும் பொய் இல்லை, நெஞ்சில் தட்ட ஒன்றும் இல்லை. இன்னும் பாதிகூட முடியவில்லை. எமில்டா தலையை நிமிர்த்தினாள்.

"பிரையன்," என்றாள், "இன்னொரு தாள் தருகிறீர்களா?"